ஈறுகளின் வரலாறு: ஆங்கில வாக்கியமும் நொய்யல் கரைத் தமிழும்

(திருப்பூரில் நிகழ்த்தப்பெற்ற அறக்கட்டளைச் சொற்பொழிவின் செப்பமிட்ட எழுத்து வடிவம்)



ஆங்கிலத்தின் இலக்கணமும் வாக்கிய அமைப்பும் நூற்றாண்டுதோறும் எவ்வாறு மாறிவந்தன என்பது இவ்வுரையின் பொருள். இப்பொருளைத் திருப்பூரில் பேசுவதற்குத் தக்க காரணம் உண்டு. நூல் வந்து இறங்குவதிலிருந்து பெட்டி கட்டிக் கப்பலுக்கு அனுப்புவதுவரை ஒவ்வொரு வேலைக்கும் ஆங்கிலப் பெயர் வழங்கும் இவ்வூரில், தமிழ் சிதைந்துவருகிறது என்னும் வருத்தம் ஆசிரியர் நடுவிலும் பெற்றோர் நடுவிலும் அடிக்கடி எழுகிறது. அவ்வருத்தம் எங்கே பொருந்தும், எங்கே பொருந்தாது என்று பிரித்தறிவதற்கு, அயற்சொற்கள் வெள்ளமாகப் புகுந்த வேறொரு மொழியின் வரலாறு துணைசெய்யும். அந்த மொழி ஆங்கிலமே.

இங்கே நிறுவப்படும் கருத்து ஒன்றுதான். ஒரு மொழியின் வாக்கியம் மாறுவது அயற்சொற்கள் நுழைவதால் அன்று. சொல்லின் கடைசியில் நின்று உறவு காட்டும் ஈறுகள் தேய்வதாலும் புதிய ஈறுகள் பிறப்பதாலுமே அது மாறுகிறது. ஈறு என்னும் சொல் இவ்வுரையில் சற்று விரிந்த பொருளில் ஆளப்படுகிறது. பெயரோடு சேரும் வேற்றுமை உருபையும், வினைப்பகுதிக்குப் பின்வரும் இடைநிலை விகுதிகளையும், ‘உம்’ போல ஒட்டி நிற்கும் இடைச்சொல்லையும் அது ஒருங்கே குறிக்கும்.

1. ஆல்ஃபிரட் மன்னர் ஆண்ட 9ஆம் நூற்றாண்டின் ஆங்கிலத்தை இன்றைய ஆங்கிலேயர் எவரும் தனியே பயிலாமல் படிக்க இயலாது. ஆனால் அதன் கட்டுமானத்தை எடுத்துச் சொன்னால் தமிழ் மாணவர் ஒருவருக்கு அது அயலாகத் தோன்றாது. பெயர்ச்சொற்கள் நான்கு வேற்றுமைகளை ஏற்றன. வினை, இடத்துக்கும் எண்ணுக்கும் ஏற்ற விகுதியைப் பெற்றது. துணைவாக்கியங்களில் வினை பெரும்பாலும் கடைசியில் வந்து நின்றது. இன்று எங்கும் ‘தி’ என்று ஒரே வடிவில் நிற்கும் சுட்டுச்சொல், அன்று ஆண்பாற் பெயர் ஒன்றின் முன் எழுவாயாயின் ‘ஸே’ என்றும், செயப்படுபொருளாயின் ‘தோனெ’ என்றும், உடைமைப் பொருளில் ‘தாஸ்’ என்றும், கொடைப் பொருளில் ‘தாம்’ என்றும் உருமாறியது. பெண்பாலுக்கும் அலிப்பாலுக்கும் வேறு வடிவங்கள் இருந்தன. ஆகவே யார் செய்தார், யாரைச் செய்தார் என்பதைச் சொல் நின்ற இடத்தைக் கொண்டு மட்டும் அறியவேண்டிய தேவை இருக்கவில்லை.

தமிழிலும் அப்படியே: ‘டெய்லர் மாஸ்டரைத் தேடினார்’ என்றாலும் ‘மாஸ்டரை டெய்லர் தேடினார்’ என்றாலும் தேடியவர் டெய்லர்தான். ‘ஐ’ என்னும் ஓர் எழுத்து அந்தப் பொறுப்பைச் சுமக்கிறது. இன்றைய ஆங்கிலத்தில் அவ்விரு பெயர்களையும் இடம் மாற்றினால் தேடியவரே மாறிவிடுவார். பழைய ஆங்கிலம் இவ்வகையில் இன்றைய ஆங்கிலத்தைவிடத் தமிழுக்கே நெருங்கியது எனலாம்.

2. அந்த ஈறுகள் எப்படிப் போயின என்பதற்கு எளிய விடை ஒன்று பலரிடம் உண்டு: 1066இல் நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றினர், பிரெஞ்சு வந்தது, ஆங்கிலம் உருக்குலைந்தது என்பார்கள். சான்றுகள் இதற்கு இடம் தரவில்லை. 10ஆம் நூற்றாண்டில், வடக்கே லிண்டிஸ்ஃபார்ன் நற்செய்திச் சுவடியின் இலத்தீன் வரிகளுக்கு இடையில் ஆல்ட்ரெட் என்னும் சமயகுரு எழுதிவைத்த ஆங்கிலச் சொற்பொருளிலேயே ஈறுகள் ஒன்றோடொன்று குழம்பிக் கிடக்கின்றன. நார்மானியர் வருவதற்கு ஏறத்தாழ 100 ஆண்டுகளுக்கு முந்தைய நிலை அது. மேலும், ஈறுகள் முதலில் தேய்ந்தது பிரெஞ்சு வேரூன்றிய தெற்கில் அன்று, வடக்கிலும் கிழக்கிலுமே.

அப்பகுதிகளில் குடியேறியவர்கள் ஸ்காண்டிநேவியர். அவர்களுடைய மொழியும் ஆங்கிலமும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. சொற்களின் பகுதிகள் பெரும்பாலும் ஒத்திருந்தன, ஈறுகளே வேறுபட்டன. சந்தையிலும் வயலிலும் திருமண உறவிலும் இரு சாராரும் கலந்தபோது, இருவருக்கும் புரிந்த பகுதி நிலைத்தது, புரியாத ஈறு கைவிடப்பட்டது என்பது மொழியியலாளர் பலர் கொள்ளும் விளக்கம். முதல் அசையை அழுத்தி ஒலிப்பது ஆங்கிலத்தின் இயல்பாதலால், அழுத்தம் பெறாத கடைசி அசை முன்னமே மங்கிவந்தது என்பதையும் இதனோடு சேர்த்துக்கொள்ள வேண்டும். ‘அவர்கள்’ என்னும் பொருளுடைய ‘தே’, ‘தெம்’, ‘தேர்’ ஆகிய பதிலிப் பெயர்களும் ஸ்காண்டிநேவியர் மொழியிலிருந்தே ஆங்கிலத்துக்குள் வந்தன. பீட்டர்பரோ மடத்தில் 1154 வரை தொடர்ந்து எழுதப்பட்ட ஆண்டுக் குறிப்பேட்டின் கடைசிப் பகுதிக்கு வரும்போது பழைய உருபுகளில் பெரும்பாலானவை காணாமற்போயிருக்கின்றன.

பிரெஞ்சிலிருந்து வந்தவை சொற்கள். இடைக்கால ஆங்கிலத்தில் புகுந்த பிரெஞ்சுச் சொற்கள் ஏறத்தாழ 10,000 என்பது பொதுவான மதிப்பீடு. அத்தனை சொற்கள் வந்தும், அவை ஆங்கிலத்தில் எஞ்சியிருந்த ஈறுகளை ஏற்றுக்கொண்டு ஆங்கில வினைகளாகவும் பெயர்களாகவுமே நடந்தன. சொற்களைக் கொணர்ந்த மொழி ஒன்று, ஈறுகள் உதிரக் காரணமான கலப்பு வேறொன்று. இவ்வுரையின் கருத்துக்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

ஈறு போனபின் வாக்கியத்துக்கு நேர்ந்ததை ஓர் எடுத்துக்காட்டில் காணலாம். டென்மார்க் அறிஞர் ஓட்டோ யெஸ்பர்சன் இதனை மன்னரையும் பேரிக்காயையும் வைத்து விளக்கினார். பழைய ஆங்கிலத்தில் ஒருவருக்கு ஒன்று பிடிக்கும் என்பதை, தமிழில் சொல்வது போலவே, ‘மன்னருக்குப் பேரிக்காய்கள் பிடித்தன’ என்ற கட்டமைப்பில் சொன்னார்கள்: மன்னர் நான்காம் வேற்றுமை, பேரிக்காய்கள் எழுவாய், வினைக்குப் பன்மை ஈறு. காலப்போக்கில் மன்னரின் நான்காம் வேற்றுமை ஈறு மறைந்தது. வினையின் பன்மை ஈறும் மறைந்தது. சொற்கள் நின்ற வரிசை மாறவில்லை. ஆனால் வாக்கியத்தின் முதலில் ஈறின்றி நிற்கும் பெயரை எழுவாய் என்று கொள்ளப் பழகிவிட்ட தலைமுறைக்கு, மன்னரே பேரிக்காய்களை விரும்புகிறவராகத் தோன்றினார். எவரும் திட்டமிடாமலேயே பிடித்தல் என்னும் வினை விரும்புதல் என்னும் வினையாயிற்று. ‘எனக்குப் பசிக்கிறது’ என்னும் அமைப்பும் பழைய ஆங்கிலத்தில் இருந்தது. அதுவும் இப்படியே போயிற்று. தமிழில் ‘கு’ உருபு தேயாமல் நிற்பதால், ‘எனக்குத் தெரியும்’, ‘எனக்குப் பிடிக்கும்’ என்பவை இன்றும் அப்படியே நிற்கின்றன.

3. உருபு இழந்த மொழி இடத்தைப் பற்றிக்கொண்டது: எழுவாய் முன், வினை நடு, செயப்படுபொருள் பின் என்ற வரிசை இறுகியது. வரிசை இறுகியபின், வினாவுக்காக வினையை எழுவாய்க்கு முன் கொண்டுசெல்வது இடர்ப்பாடாயிற்று. அதற்கென ‘டூ’ என்னும் துணைவினை 15 முதல் 17ஆம் நூற்றாண்டுக்குள் படிப்படியாக நிலைபெற்றது. ஷேக்ஸ்பியர் (1564–1616) நாடகங்களில் அது வரும் வினாக்களும் வராத வினாக்களும் அருகருகே காணப்படுகின்றன. தனிப்பொருள் எதுவும் தராமல், காலம் முதலியவற்றை மட்டும் சுமந்துகொண்டு நிற்கும் இவ்வினையை நினைவில் வைத்திருக்குமாறு அவையோரை வேண்டுவது இவ்வுரைக்குத் தேவையாகிறது. இம்மாற்றங்களை இலக்கணிகள் உண்டாக்கவில்லை; 1762இல் ராபர்ட் லோத் எழுதிய ஆங்கில இலக்கணம் போன்ற நூல்கள், மாற்றம் பெரும்பாலும் முடிந்தபிறகு வந்து விதி வகுத்தவையே.

4. இனி நொய்யல் கரைக்கு வரலாம். நொய்யலின் வடகரையிலுள்ள கொடுமணலில் 1985 முதல் நடந்த அகழாய்வுகளில் தமிழ்ப் பிராமி எழுத்துப் பொறித்த பானையோடுகள் மிகுதியாகக் கிடைத்தன. அவற்றில் பெரும்பாலானவை ஆட்பெயர்கள். கண்ணன் ஆதன் போன்ற பெயர்களோடு, சுமணன், சம்பன் என வடபுலத்து மூலமுடைய பெயர்களும் வருகின்றன. அவையும் ‘அன்’ என்னும் தமிழ் ஈற்றைப் பெற்றே நிற்கின்றன. இரும்பும் மணியும் நூலும் விற்ற ஒரு வணிக ஊரில், அயலிலிருந்து வந்த பெயரைத் தமிழ் ஈறு சேர்த்து ஏற்றுக்கொண்ட வழக்கம் 2,000 ஆண்டுகளுக்கு முற்பட்டது.

நொய்யல் காவிரியில் கலக்கும் பகுதியை அடுத்துள்ள புகழூர்க் குன்றில், சேரர் மூன்று தலைமுறையைக் குறிப்பிடும் கல்வெட்டு ஒன்று உள்ளது, கி.பி. 2, 3ஆம் நூற்றாண்டுகளைச் சார்ந்ததாகக் கருதப்படுவது. சமணத் துறவி ஒருவருக்குக் குகைத்தளம் அமைத்துக் கொடுத்த செய்தியை அது சொல்கிறது. அதில் முற்றுவினையே இல்லை. தாத்தன், தந்தை, மகன் ஆகியோர் பெயர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்து, மகன் இளவரசன் ‘ஆக’ என்னும் வினையெச்சத்தில் தங்கி, ‘அறுத்த’ என்னும் பெயரெச்சத்தில் கூடி, ‘கல்’ என்னும் பெயரில் முடிகின்றன. விளக்கம் எல்லாம் இடப்பக்கம், விளக்கப்படுவது வலப்பக்கக் கடைசியில். இதுவே தமிழ் வாக்கியத்தின் எலும்புக்கூடு. இந்தக் கல்லைச் சற்று நேரம் மனத்தில் வைத்திருக்க வேண்டும். ஆறாம் பகுதியில் அது மீண்டும் வரும்.

5. தமிழும் மாறாமல் நின்ற மொழியன்று. மாறவில்லை என்று பெருமை பேசுவது தமிழுக்குச் செய்யும் தொண்டும் ஆகாது. நிகழ்காலம் காட்டும் ‘கின்று’, ‘கிறு’ இடைநிலைகள் சங்கப் பாட்டுகளில் அரியவை. பத்திப் பாடல்களில் பெருகி, 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூலில் விதியாகவே இடம்பெறுகின்றன. பவணந்தியின் ஊரான சனகை பெருந்துறைக்கு அருகிலுள்ள சீனாபுரமே என்பது கொங்கு நாட்டு மரபு. காலம் மாறும்போது பழைய வழக்கு நீங்கிப் புதியது வருவதைக் குற்றமாகக் கொள்ளலாகாது என்று வெளிப்படையாகவே நூற்பா செய்த பெருந்தகை அவர்.

எதிர்மறை வினையின் மாற்றம் இன்னும் கூர்ந்து நோக்கத்தக்கது. பழந்தமிழில் ‘வாரேன், வாராய், வாரான், வாரார்’ என்று ஈறே இடத்தையும் பாலையும் காட்டியது. ‘நான்’ என்றோ ‘அவன்’ என்றோ தனியே சொல்லவேண்டியதில்லை. இன்று ‘வரவில்லை’ என்பது தேய்ந்து ‘வரல’ என்றாகி, நான், நீ, அவன், அவர்கள் என எல்லார்க்கும் பொதுவாக நிற்கிறது. ஆகவே யார் வரவில்லை என்பதைக் காட்ட, எழுவாயை வெளிப்படையாகச் சொல்ல நேர்கிறது. ஈறு போன இடத்தில் ஒரு சொல் வந்து நிற்கவேண்டும் என்னும் விதி, ஆங்கிலத்தை எப்படி ஆண்டதோ அப்படியே தமிழையும் ஆள்கிறது.

அதே வேளையில் ஈறுகள் பிறக்கவும் செய்கின்றன. ‘வரவேண்டும்’ என்பது கொங்குப் பேச்சில் ‘வரோணும்’. ‘செய்யவேண்டும்’ என்பது ‘செய்யோணும்’. இவற்றில் ‘வேண்டும்’ தனிச்சொல்லாக உணரப்படுவதில்லை. ‘ஓணும்’ என்பது கடமையைக் காட்டும் ஈறாகவே ஆகிவிட்டது. தைத்துவிட்டு என்பது ‘தெச்சுட்டு’ ஆகும்போது, ‘விடு’ என்னும் வினை செயல் முடிந்ததைக் காட்டும் வெறும் ஒலியாகச் சுருங்குகிறது. இலக்கண நூலார் இவற்றைக் கொச்சை என்று ஒதுக்கிவிட்டால், ‘கின்று’ என்னும் இடைநிலையும் பேச்சிலிருந்து ஏட்டுக்கு ஏறிய புதுவரவே என்பதை மறந்தவராவர்.

6. பின்னலாடைத் தொழிலில் வழங்கும் சொற்களைப் பார்த்தால் பெரும்பாலானவை ‘இங்’ என்று முடிகின்றன: நிட்டிங், டையிங், காம்பேக்டிங், கட்டிங், செக்கிங், அயனிங், பேக்கிங். ‘இங்’ என்பது ஆங்கிலத்தில் அழியாமல் எஞ்சிய மிகச் சில ஈறுகளுள் ஒன்று. பழைய ஆங்கிலத்தில் தொழிற்பெயர்க்கு ‘உங்’ அல்லது ‘இங்’, எச்சவினைக்கு ‘எண்டெ’ என இரு வேறு ஈறுகள் இருந்து, இடைக்காலத்தில் ‘இங்’ என்பதிலேயே இரண்டும் கூடின. அவ்வளவு வரலாறுடைய ஈறு திருப்பூருக்கு வந்ததும் ஈறாக நிற்பதை விட்டுவிடுகிறது. ‘கட்டிங்’ என்பது இங்கே பிரிக்கமுடியாத பகுதி; அதன்மேல் தமிழ் உருபு ஏறி ‘கட்டிங்குக்கு’, ‘கட்டிங்கில்’, ‘கட்டிங்கோட’ என்று நடக்கிறது.

வினையாக்க வேண்டுமானால் ‘பண்ணு’, ‘போடு’, ‘அடி’, ‘ஆகு’ என்னும் தமிழ் வினைகள் வந்து சேர்கின்றன: ‘செக்கிங் பண்ணியாச்சு’, ‘கட்டிங் போட்டாச்சு’, ‘ஓவர்லாக் அடிச்சாச்சு’, ‘பேக்கிங் ஆகல’. ‘ஓவர்லாக் அடி’ என்பதில் அடித்தல் எதுவும் இல்லை. காலத்தையும் இடத்தையும் எதிர்மறையையும் சுமப்பதே அதன் வேலை. ஆங்கிலத்தின் ‘டூ’ செய்யும் அதே வேலை. தொல்காப்பியம் வினையெச்சங்களை வகைப்படுத்தும்போது ‘செய்து’, ‘செய’ எனச் ‘செய்’ என்னும் வினையையே எல்லாவற்றுக்கும் வாய்பாடாகக் கொண்டது. எந்தத் தொழிலையும் தன்மேல் ஏற்றிக்கொள்ளும் ஒரு பொதுவினை தமிழருக்குப் புதிதன்று.

தையல் கூடங்களில் நாள்தோறும் கேட்கக்கூடிய வகையைச் சேர்ந்த வாக்கியம் ஒன்றை இங்கே பிரித்துக் காண்பது பயன்தரும்: ‘செக்கிங் முடிஞ்ச பீஸயெல்லாம் அயனிங்குக்குக் குடுத்துட்டு, ஓவர்லாக் அடிக்காத பண்டல இந்தப் பக்கம் எடுத்து வைங்க.’ செக்கிங், பீஸ், அயனிங், ஓவர்லாக், பண்டல் என ஐந்து சொற்கள் ஆங்கிலத்திலிருந்து வந்தவை. ஆனால் ‘முடிஞ்ச’ பெயரெச்சம், ‘பீஸ’ இரண்டாம் வேற்றுமை, ‘அயனிங்குக்கு’ நான்காம் வேற்றுமை, ‘குடுத்துட்டு’ வினையெச்சம், ‘அடிக்காத’ எதிர்மறைப் பெயரெச்சம், ‘வைங்க’ மரியாதை ஏவல். இவற்றுள் எதுவும் இரவல் அன்று. ‘அறுத்த கல்’ என்று புகழூர்க் குன்றில் பொறித்தவனும், ‘செக்கிங் முடிஞ்ச பீஸ்’ என்று சொல்லும் சூப்பர்வைசரும் ஒரே கட்டுமானத்தில் பேசுகிறார்கள். இதே கருத்தை ஆங்கிலத்தில் சொல்லவேண்டுமானால் பீஸை முன்னே வைத்து, இணைப்புச் சொல் ஒன்றைச் சேர்த்து, விளக்கத்தைப் பின்னே தள்ளவேண்டும். வரிசை முழுவதும் தலைகீழாகும். இச்சொற்களுக்குத் தமிழ்ப் பெயர் வேண்டாம் என்பது இதன் பொருளன்று. ‘கைமடி’, ‘பிசிறு’, ‘சாயப்பட்டறை’ என்று தொழிலாளர் வாயிலேயே பிறந்து வாழும் சொற்கள் எவ்வளவு அழகானவை என்பதை இந்த அவை அறியும். அவற்றைப் போல் இன்னும் பல வரவேண்டும். ஆனால் ஓவர்லாக் என்று சொன்னதால் வாக்கியம் ஆங்கிலமாகிவிடவில்லை.

ஒன்றை மட்டும் மறைக்காமல் சொல்லவேண்டும். பீகார், ஒடிசா, ஜார்க்கண்ட் முதலிய மாநிலங்களிலிருந்து வந்து இங்கே உழைக்கும் தோழர்களோடு பேசும்போது, தமிழர் தம் தமிழிலேயே ஈறுகளை விட்டுவிட்டு, ‘நீ போ, பீஸ் எடு, அங்க வை’ என்று சுருக்கிப் பேசுகின்றனர். இருவேறு மொழியினர் வேலையிடத்தில் கூடும்போது முதலில் உதிர்வது ஈறே என்பதற்கு, 10ஆம் நூற்றாண்டு வட இங்கிலாந்தைத் தேடிப்போகாமல் இங்கேயே சான்று கிடைக்கிறது. ஆயினும் வேறுபாடு பெரிது. அங்கே அவ்வழக்கு அடுத்த தலைமுறையின் தாய்மொழியாயிற்று. இங்கே தமிழ்ப் பள்ளிகளில் சேரும் அத்தொழிலாளரின் பிள்ளைகள் ‘பீஸை எடுத்து வைத்தேன்’ என்று உருபோடும் விகுதியோடும் கற்கிறார்கள். அப்பிள்ளைகளுக்குத் தமிழைப் பொறுமையோடு கற்பிக்கும் ஆசிரியர்கள் இந்த அவையில் இருப்பார்களானால், அவர்கள் செய்வது தமிழின் வரலாற்றிலேயே ஒரு பெரும்பணி.

7. அப்படியானால் வருத்தத்துக்கு இடமே இல்லையா என்றால், இருக்கிறது. அது தையல் கூடத்தில் இல்லை, எழுத்துத் தமிழில் இருக்கிறது. ஆங்கிலத்தில் இரு பெயர்களை இணைக்க நடுவில் தனிச்சொல் ஒன்று தேவை. தமிழில் அவ்வேலையை எண்ணும்மை என்று இலக்கணிகள் பெயரிட்ட ‘உம்’ செய்கிறது. ஒவ்வொரு பெயரின் கடைசியிலும் ஒட்டிநின்று அவற்றைக் கோக்கிறது. ‘மற்று’ என்னும் இடைச்சொல்லுக்குத் தொல்காப்பியமும் நன்னூலும் கூறும் பொருள்களுள் இரு பெயர்களை இணைத்தல் என்பது இல்லை. ஆங்கில ஆவணங்களைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்த எழுத்து, ஆங்கில இணைப்புச் சொல் நின்ற இடத்தில் ‘மற்றும்’ என்பதை வைத்து, ‘உம்’ என்னும் ஈற்றை எடுத்துவிட்டது. ‘மேலாளரால் அறிவிக்கப்படுகிறது’ என்பது போன்ற செயப்பாட்டு வினைகள் பெருகியதும் அவ்வழியே. ஓவர்லாக் என்னும் சொல் வந்ததால் தமிழ் எந்த ஈற்றையும் இழக்கவில்லை. ‘மற்றும்’ என்னும் தூய தமிழ்ச் சொல் ஓர் ஈற்றை இழக்கச் செய்கிறது.

பேச்சில் இது இன்னும் நுழையவில்லை. ‘நானும் தம்பியும் மில்லுக்குப் போயிட்டு வந்தோம்’ என்று சொல்லும் எந்தத் தொழிலாளியும் ‘நான் மற்றும் தம்பி’ என்று சொல்வதில்லை. ஆனால் கடைத்தெருவின் பலகைகளில் ‘பனியன் மற்றும் ஜட்டி’ என்றே எழுதப்படுகிறது. அதில் எழுத்து 11, இடைவெளி 2. ‘பனியனும் ஜட்டியும்’ என்று எழுதினால் எழுத்து 10, இடைவெளி 1. புதிய பலகை எழுதக் கொடுக்கும் வணிகப் பெருமக்கள், பெயிண்டர் தூரிகையை எடுக்குமுன் இந்த ஒரு திருத்தத்தைச் சொல்லவேண்டும் என்பதே இவ்வுரையின் வேண்டுகோள்.